பலராமும் பழைய காலணியும்

புகழ் செல்வர்க்கே உரியதெனக் கருதுவோர் துளசிதாஸ் பலராமின் வரலாற்றை நோக்குவாராக. 1936 இல் செகந்தராபாத்தை அடுத்த அம்முகூடாவில், வறிய தமிழ்ப் பெற்றோர்க்குப் பிறந்த இவர், காவலர் கழித்த காலணியைச் செப்பனிட்டு அணிந்தே காற்பந்து பயின்றார் என்பர். முன்னணி ஆட்டக்காரராய் 1956 இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கிற்குச் சென்றார். 1960 இல் ரோமில், அங்கேரி, பெரு ஆகிய இரு நாட்டு அணிகளுக்கும் எதிராகக் கோல் அடித்தார். 1962 இல் ஜகார்த்தாவில் ஆசியத் தங்கம் வென்ற இந்திய அணியிலும் இருந்தார். அடுத்த ஆண்டே நுரையீரல் நோய் அவர்தம் ஆட்டத்தை முடித்தது. 2023 இல் கொல்கத்தாவில் மறையும்வரை பத்மஸ்ரீ விருது அவரை எட்டவில்லை.

மலாக்காத் தோட்டத் திடல்களில் வெறுங்காலொடு பந்துதைத்த நம் சிறுவருள் எத்தனை பலராம்கள் இருந்தனரோ! திறமை குடி பார்த்துப் பிறப்பதில்லை. அதனைக் கண்டெடுத்தலும், நோயுற்றபோது தாங்குதலும், வாழும்போதே போற்றுதலும் சமூகத்தின் கடன். அக்கடனை என்று தீர்ப்போம்?