மின்பெட்டியிலிருந்து இடிமேகத்துக்கு: தமிழ், மலையாள மின்னல் நாயகர்கள்

மின்சாரத்தால் வல்லமை பெறும் நாயகன் தமிழ்ச் சித்திரக்கதையில் வேரூன்றிய ஆண்டு 1972. சிவகாசியில் சௌந்தரபாண்டியன் தொடங்கிய முத்து காமிக்ஸின் முதல் இதழாக ‘இரும்புக்கை மாயாவி’ அந்த ஆண்டு வெளிவந்தது. இதன் மூலக்கதை, பிரிட்டனின் ‘வேலியண்ட்’ வார இதழில் 1962 அக்டோபரில் தொடங்கிய ‘தி ஸ்டீல் கிளா’ தொடர். எழுதியவர் கென் புல்மர். வரைந்தவர் ஸ்பெயின் நாட்டு ஓவியர் ஹெசூஸ் பிளாஸ்கோ.

கதைநாயகன் லூயிஸ் கிராண்டெல் ஓர் ஆய்வுக்கூட உதவியாளன். விபத்தில் வலக்கையை இழந்து எஃகுக்கை பொருத்திக்கொண்டவன். உயரழுத்த மின்சாரம் பாய்ந்தால் அவன் உடல் மறைந்துவிடும். எஃகுக்கை மட்டும் மறையாது. ஆளில்லாத அறையில் ஒற்றைக் கை மிதந்துபோய்ப் பூட்டைத் திறக்கும் கட்டங்களில்தான் பிளாஸ்கோவின் கறுப்பு வெள்ளைத் தூரிகை முழு வீச்சையும் காட்டுகிறது. சிறிது நேரத்தில் மின்சாரத்தின் விளைவு தீர்ந்துவிடும். மீண்டும் மறைய வேண்டுமானால் மீண்டும் ஒரு மின்கம்பியைப் பிடித்தாக வேண்டும். தொடக்கத்தில் குற்றவாளியாக அலைந்த கிராண்டெல், பின்னர் நிழற்படை என்னும் ரகசிய அமைப்பின் உளவாளியாகிறான். தமிழ் வாசகர் மனத்தில் நிலைத்தது இந்த உளவாளி மாயாவியே.

இதே 1962-இல் அமெரிக்காவின் மார்வெல் நிறுவனம் நார்ஸ் புராணத்தின் இடிக்கடவுளான தோரைச் சித்திரக்கதை நாயகனாக்கியது. அதற்கு முன்பே, வேறு அமெரிக்க நிறுவனங்களின் சித்திரக்கதைகளில், 1940-இல் கேப்டன் மார்வெலுக்கும், 1956-இல் பாரி ஆலன் என்னும் ஃப்ளாஷுக்கும் மின்னலே வல்லமை தந்திருந்தது. தோரின் ஆற்றல் தெய்வப் பிறப்பால் வந்தது; மாயாவியின் ஆற்றலோ சுவரில் இருக்கும் மின்பெட்டியை நம்பியது. வச்சிராயுதம் ஏந்திய இந்திரனைப் புராணத்திலும், இந்திர விழாவைச் சிலப்பதிகாரத்திலும் அறிந்திருந்த தமிழ்ச் சமூகம், கடவுளை விட்டு இந்த விபத்து மனிதனைக் கொண்டாடியது கவனத்துக்குரியது. கிராமங்களுக்கு மின்சாரம் பரவிவந்த காலம் அது. எல்லோரும் அஞ்சிய ‘ஷாக்’ ஒருவனுக்கு வரமானது வாசகரை ஈர்த்திருக்க வேண்டும்.

மின்பெட்டி இருந்த இடத்துக்கு வானத்து மின்னல் வந்தது அரை நூற்றாண்டு கழித்து, அதுவும் திரையில். பேசில் ஜோசப் இயக்கிய ‘மின்னல் முரளி’ மலையாளப் படம் 2021 டிசம்பர் 24 அன்று நெட்ஃபிளிக்ஸில் வெளியானது. குறுக்கன்மூலை என்னும் கற்பனை ஊரில் தையல்காரன் ஜெய்சன் (டொவினோ தாமஸ்) மீதும், ஊர் ஒதுக்கிவைத்த தேநீர்க்கடைத் தொழிலாளி ஷிபு மீதும் ஒரே இரவில் மின்னல் பாய்கிறது. ஒருவன் நாயகனாகவும் மற்றவன் வில்லனாகவும் ஆவதற்குக் காரணம் ஊர் அவர்களை நடத்திய விதம்தான். ஷிபுவாக நடித்த தமிழ் நடிகர் குரு சோமசுந்தரம் அந்த வலியை முகத்தில் கொண்டுவந்ததால், வில்லனின் கதையே படத்தின் உயிராகிவிட்டது. ஜெய்சனுக்கு அவனுடைய புதிய ஆற்றலைப் புரியவைப்பவன் அமெரிக்க சூப்பர் ஹீரோக்களை அறிந்த சிறுவன் ஜோஸ்மோன். சித்திரக்கதைக்குப் படம் பட்டிருக்கும் கடன் இதில் வெளிப்படையாகவே தெரிகிறது.

தமிழில் இதற்கு இணையானது ஏ.ஆர்.கே. சரவன் இயக்கத்தில் 2023 ஜூனில் வந்த ‘வீரன்’. சிறுவயதில் மின்னல் தாக்கிய குமரன் (ஹிப்ஹாப் ஆதி), ஊரை அழிக்கக்கூடிய மின்தடத் திட்டத்தைத் தடுக்கக் காவல் தெய்வமான வீரனின் வேடம் பூணுகிறான். மாயாவியின் காலத்தில் ஒதுங்கியிருந்த தெய்வம் இங்கே முகமூடியாகத் திரும்புகிறது. ஆனால் வல்லமை இப்போதும் விபத்தில் வந்ததுதான்.

இவ்விரு படங்களையும் பிரிக்கும் மொழி எல்லை எங்கும் ஒரேபோல் இல்லை. பாலக்காட்டிலிருந்து பொள்ளாச்சி செல்லும் சாலையில், சிற்றூர் வட்டத்தில் உள்ள கொழிஞ்சாம்பாறை போன்ற எல்லையூர்களில் தமிழும் மலையாளமும் அன்றாடம் கலந்து புழங்குகின்றன. இங்குள்ள இருமொழியாளர்க்கு முரளி, வீரன் இருவருமே மொழிமாற்றம் வேண்டாத நாயகர்கள்.

மின்னல் முரளி 2024-இல் அச்சுக்கும் வந்தான். டிங்கிள் காமிக்ஸும் நடிகர் ராணா டகுபதியின் ஸ்பிரிட் மீடியாவும் இணைந்து அவனைக் கிராஃபிக் நாவல் நாயகனாக்கி, அமெரிக்காவின் சான் டியாகோ காமிக்கானில் அறிமுகப்படுத்தின.