கொசுவலை வரைந்த பையன்

மலாயாவின் 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் தோட்ட நிர்வாகங்களுக்கு ஒரு கட்டளை போட்டது. 7 வயதிலிருந்து 14 வயதுக்குள் 10 பிள்ளைகள் தோட்டத்தில் இருந்தால் அங்கே ஒரு பள்ளி வைக்கவேண்டும். நெகிரி செம்பிலானில் இன்றும் பல தமிழ்ப்பள்ளிகளின் பெயரில் 'லாடாங்' என்ற சொல் ஒட்டிக்கொண்டிருப்பது அந்தக் காலத்து மிச்சம். சுவா பெத்தோங், பிராட்வால், கெர்பி, ஜெராம் பாடாங், செண்டாயான். இவற்றில் சில இடங்களில் தோட்டமே போய்விட்டது. செண்டாயானில் ஒரு புதுநகரம் எழும்பி நிற்கிறது. பள்ளியின் பெயர்ப்பலகையில் மட்டும் தோட்டம் இருக்கிறது.

சட்டம் கேட்டது பள்ளி; நிர்வாகங்கள் கொடுத்தது பெரும்பாலும் ஒரு கொட்டகை. கிராணியோ கங்காணியோ வேலை முடிந்து வந்து எழுத்தும் கணக்கும் சொல்லிக் கொடுத்த இடங்கள் உண்டு. பெயரை எழுதவும் சம்பளச் சீட்டைப் படிக்கவும் தெரிந்தால் போதும் என்பதுதான் எண்ணம். சித்திரம் என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை. சிரம்பானிலிருந்து ஏறக்குறைய 60 கிலோமீட்டர் தள்ளி, கோலாலம்பூரில், அதே ஆண்டுகளில் சிலாங்கூர் அருங்காட்சியகம் பாடம் செய்த பறவைகளையும் கிரிஸ் கத்திகளையும் கண்ணாடிப் பெட்டிகளில் அடுக்கிக்கொண்டிருந்தது.

அந்த 60 கிலோமீட்டரைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. நான் நீலாயில் ஒரு தொழிற்சாலையில் பொறியாளர். சனிக்கிழமைகளில் நண்பர்கள் சிலரோடு சேர்ந்து லாபு, சிலியாவ் பக்கத்துப் பிள்ளைகளுக்கு டியூஷன் எடுக்கிறோம். அவர்களில் 26 பேரை ஒருநாள் பஸ் பிடித்து தேசிய அருங்காட்சியகத்துக்கும் தேசியக் கலைக்கூடத்துக்கும் கூட்டிக்கொண்டு போனோம். வழிகாட்டும் வேலை என் தலையில் விழுந்தது. அதற்காகப் படிக்கத் தொடங்கிய சமாச்சாரம் என்னை வேறு எங்கேயோ கொண்டுபோய்விட்டது.

முதலில் அருங்காட்சியகம். இன்றைய கட்டடம் நிற்கும் இடத்தில்தான் பழைய சிலாங்கூர் அருங்காட்சியகம் இருந்தது. பக்கத்திலேயே ரயில் நிலையமும் தண்டவாளங்களும், அந்தப் பக்கம் நம்மவர்கள் நிறைந்த பிரிக்ஃபீல்ட்ஸ். 1945 மார்ச் 10ஆம் தேதி நேச நாடுகளின் விமானங்கள் ஜப்பானியர் கையிலிருந்த ரயில் வளாகத்தைக் குறிவைத்துக் குண்டு போட்டபோது அருங்காட்சியகத்தின் ஒரு பகுதி நொறுங்கிப்போனது. மிஞ்சியவை தைப்பிங்கில் இருந்த பேராக் அருங்காட்சியகத்துக்குப் போயின. சுதந்திரத்துக்குப் பிறகு, 1963 ஆகஸ்ட் 31 அன்று, புதிய கட்டடம் திறக்கப்பட்டது. ஹோ கோக் ஹோ என்ற கட்டடக் கலைஞர் மலாய் அரண்மனையின் சாயலில் கூரை வைத்து வரைந்தது.

பிள்ளைகளிடம் இதையெல்லாம் சொன்னேன். குண்டு மட்டும்தான் பிடித்திருந்தது. "எத்தன பேரு செத்தாங்க அண்ணா?" என்பதுதான் முதல் கேள்வி. சரி, வரலாற்று ஆசிரியர்களும் அங்கிருந்துதானே தொடங்குகிறார்கள்.

வாசலின் இரு பக்கமும் நீண்டு கிடக்கும் சுவர்ச் சித்திரங்களின் முன்னால் அவர்கள் நின்றார்கள். ஒவ்வொன்றும் ஏறக்குறைய 35 மீட்டர் நீளம், 6 மீட்டர் உயரம். எல்லாம் இத்தாலியக் கண்ணாடிச் சில்லுகள். வரைந்தவர் சியோங் லாய்த்தோங். ஒரு பெண் சுவரில் மூக்கு உரசும் தூரத்துக்குப் போய்ப் பார்த்துவிட்டு, "இது டைல்ஸ்தானே, எங்க பாத்ரூம்ல இருக்கே" என்றாள். பத்தடி பின்னால் வரச் சொன்னேன். வந்து பார்த்தாள். மறுபடியும் கிட்டே ஓடினாள். கிட்டே போனால் சில்லு, தள்ளி வந்தால் மனிதர்கள். இப்படி ஏழெட்டு முறை. கூட வந்த ஓர் ஆசிரியை "நேரமாகுது" என்று பதறினார். எனக்கென்னவோ அந்தப் பத்தடி ஓட்டம் போதும், உள்ளே போகாமலே திரும்பினாலும் நஷ்டமில்லை என்று தோன்றியது.

நம் பள்ளிச் சுற்றுலாக்களில் ஒரு பழக்கம் இருக்கிறது. பஸ்ஸைவிட்டு இறங்கும்போதே கையில் பயிற்சித்தாளைத் திணித்துவிடுவார்கள். பிள்ளைகள் நான்கு காட்சிக்கூடங்களிலும் ஓடி ஓடி விளக்கப் பலகையைப் பார்த்து ஆண்டையும் பெயரையும் எழுதிக்கொண்டு வெளியே வருவார்கள். பொருளை ஏறெடுத்தும் பார்த்திருக்க மாட்டார்கள். நானும் அப்படித்தான் பத்து வயதில் இந்தக் கட்டடத்தைச் சுற்றிவந்தேன். எனவே இந்த முறை தாளும் இல்லை, பேனாவும் இல்லை.

காலனித்துவக் காலக் கூடத்தில் ரப்பர் பற்றிய பகுதிக்கு வந்தபோது, இங்கே பிள்ளைகள் துள்ளுவார்கள் என்று நாங்கள் எதிர்பார்த்தோம். ஒன்றும் நடக்கவில்லை. ஏன் நடக்கும்? இவர்களுக்குத் தெரிந்த தோட்டம் செம்பனை. அதிலும் வேலை செய்கிறவர்கள் இந்தோனேசியர்களும் வங்காளதேசிகளும். பாதிப் பேர் குடியிருப்பது மலிவு விலை அடுக்குமாடி. பெரட்டு, மங்கு, ஒட்டுப்பால், ஆயக்கொட்டகை என்ற சொற்களெல்லாம் என் காதிலேயே அரைகுறையாகத்தான் விழுந்தவை. இவர்களுக்கு அவை முழுக்க அந்நியம்.

துணைக்கு வந்திருந்த ஒரு பாட்டிதான் காப்பாற்றினார். முப்பது வருஷம் பால் வெட்டியவர். ஒரு பையனைத் திருப்பி நிற்கவைத்து அவன் முதுகில் விரலால் கோடு போட்டுக் காட்டினார். இடது பக்கம் மேலே தொடங்கி வலது பக்கம் கீழே இறங்கும் சாய்வு. "இப்படித்தான் வெட்டணும். மாத்தி வெட்டுனா பால் கொறஞ்சிரும். ஆழமா போச்சுன்னா மரத்துக்குக் காயம், தண்டல் வந்து கத்துவான்." பையன் கூச்சத்தில் நெளிந்தான். எனக்குச் சிலிர்த்தது. மரப்பட்டைக்குள் பால் குழாய்கள் நேர் செங்குத்தாக ஏறுவதில்லை, லேசாகச் சாய்ந்து சுற்றி ஏறுகின்றன. இடமிருந்து வலமாக இறங்கும் வெட்டு அதிகமான குழாய்களைத் திறக்கிறது. மரத்தைக் கொத்திக் காயப்படுத்தாமல் பட்டையை மெல்லிசாகச் சீவியெடுக்கும் முறையைச் சிங்கப்பூர்த் தாவரவியல் தோட்டத்தில் வகுத்தவர் ரிட்லி. அவர் பெயர் பாடப் புத்தகத்தில் இருக்கிறது. அதே அறிவு முப்பது வருஷம் தினமும் விடியற்காலையில் ஒரு மணிக்கட்டில் இருந்தது. அன்றைய வழிகாட்டி அவர்தான், நான் பஸ்ஸுக்கு ஆள் எண்ணியவன்.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு தேசியக் கலைக்கூடம். 1958 ஆகஸ்ட் 27 அன்று துங்கு அப்துல் ரஹ்மான் ஜாலான் அம்பாங்கில் திறந்து வைத்தது. நாடு சுதந்திரம் அடைந்து ஒரு வருஷம்கூட முழுதாக ஆகவில்லை. 1984இல் ரயில் நிலையத்துக்கு எதிரே இருந்த பழைய மெஜெஸ்டிக் ஹோட்டலுக்குக் குடிபோய், 1998இல் இப்போதிருக்கும் ஜாலான் தெமர்லோ கட்டடத்துக்கு வந்தது.

அருங்காட்சியகச் சுவருக்கும் இந்தக் கூடத்துக்கும் ஓர் உறவு உண்டு. 1950களின் தொடக்கத்தில் பீட்டர் ஹாரிஸ் என்ற ஆங்கிலேயர் ஓவியக் கல்வி அதிகாரியாக மலாயாவுக்கு வந்தார். புதன்கிழமைதோறும் கூடி வரையும் ஒரு குழுவைத் தொடங்கினார். பெயரே 'புதன்கிழமை ஓவியக் குழு'. பார்த்து நகலெடுக்கச் சொல்வது அவருக்குப் பிடிக்காது. ஒருவருக்குள் இயல்பாக இருப்பது வெளியே வரட்டும் என்பது அவர் கட்சி. அந்தக் குழுவில் இருந்தவர்களில் ஒருவர்தான் கண்ணாடிச் சில்லுச் சித்திரம் வரைந்த சியோங் லாய்த்தோங். சிவம் செல்வரத்தினம் இருந்தார். பேட்ரிக் இங் இருந்தார். அவர் விக்டோரியா இன்ஸ்டிடியூஷனில் ஓவிய ஆசிரியர். அவருடைய மாணவன் ஒருவனும் குழுவுக்கு வந்து சேர்ந்தான். பெயர் சுல்கிப்லி புயோங், 1948இல் பிறந்தவன்.

இந்தப் பையன் பேஸ்டல் வண்ணக்கட்டிகளால் தன் கம்பத்து வாழ்க்கையை வரைந்தான். காகிதக் கப்பலை வரைந்தான். 1964இல் கொசுவலையை வரைந்தான். படத்தின் பெயர் 'கெலாம்பு', மலாயில் கொசுவலை. அப்போது அவனுக்கு வயது 16 இருக்கும். அந்தப் படம் இன்று நாட்டின் தேசியச் சேகரிப்பில் இருக்கிறது.

நாங்கள் போன அன்று அது சுவரில் இல்லை. கலைக்கூடங்கள் படங்களை மாற்றி மாற்றித்தான் தொங்கவிடும். அதனால் முன்கூட்டியே அச்செடுத்துக்கொண்டு போயிருந்தேன். தரையில் வட்டமாக உட்காரவைத்து அச்சுப்படத்தை நடுவில் போட்டேன். என்ன தெரிகிறது என்று மட்டும் கேட்டேன். வேறு எந்தப் படத்துக்கும் வராத கூச்சல் வந்தது. "எங்க வீட்லயும் இருந்துச்சு." "தம்பி பொறந்தப்ப கட்டுனாங்க." "உள்ள பூந்து ஆடுனா கிழிஞ்சிரும், அம்மா அடிப்பாங்க." ஒருத்தி மட்டும், "இத வரஞ்சவரு எங்கள மாதிரியா?" என்று கேட்டாள். "இத வரையும்போது உங்க அக்கா வயசு" என்றேன். அந்தப் பதிலில்தான் அவர்கள் முகம் மாறியது.

அங்கிருந்து நான் அவர்களுக்குச் சொன்ன கதை வேறு. கொசுவலை எதற்கு? மலேரியா கொசுவால் பரவுகிறது என்பதை 1897இல் ரொனால்ட் ராஸ் செக்கந்தராபாத்தில் கண்டுபிடித்தார். சில ஆண்டுகளில் மால்கம் வாட்சன் என்ற மருத்துவர் கிள்ளானில் சதுப்பை வடித்து, காட்டை வெட்டி மலேரியாவை அடக்கினார். கடலோரத்தில் நிழலான தேக்கத்தில் வளரும் கொசு அதில் ஒழிந்தது. ஆனால் மேட்டு நிலத் தோட்டங்களில் அதே வைத்தியம் தலைகீழாகப் போனது. நெகிரி செம்பிலானின் பெரும்பகுதி மேடும் ஓடையும்தானே. காட்டை வெட்டி ரப்பர் கன்று வைத்தபோது மலையோடைகளில் வெயில் விழுந்தது. வெயில் படும் தெளிந்த ஓடையில் முட்டையிடும் வேறொரு அனோஃபிலிஸ் கொசு அங்கே பெருகியது. காட்டை வெட்டியவர்கள் யார்? ஓடையை ஒட்டிப் போடப்பட்ட லயங்களில் படுத்தவர்கள் யார்? தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து கப்பலேறி வந்த ஆட்கள், தாங்களே வெட்டித் திறந்த ஓடையின் கொசுவால் காய்ச்சலில் விழுந்தார்கள். வாட்சன் 1911இல் மலேரியாத் தடுப்பு பற்றி எழுதிய புத்தகம், தோட்டங்களின் கதையை நம்மவர்கள் எழுதாத ஒரு பக்கத்திலிருந்து சொல்கிறது. பிறகு நிலத்தடி வடிகால், ஓடைகளில் எண்ணெய் தெளிப்பு என்று வேறு வழிகள் வந்தன. எண்ணெய் தெளிப்பது தோட்டத்தில் ஒரு தனி வேலையாகவே இருந்தது. பாட்டிக்கு அது ஞாபகம் இருந்தது. "கால்வாயில எண்ணெய் மினுமினுன்னு ஓடும்" என்றார்.

நம் இலக்கிய நண்பர்களோடு எனக்கு ஒரு சின்னப் பிணக்கு உண்டு. அருங்காட்சியகம் என்றதும் நாம் கேட்கும் முதல் கேள்வி "இதுல நாம எங்க இருக்கோம்?" என்பது. நியாயமான கேள்விதான். தோட்ட மக்களுக்கு இந்த நாட்டின் கண்ணாடிப் பெட்டிகளில் கிடைத்திருக்கும் இடம் சொற்பம், அதைக் கேட்கத்தான் வேண்டும், பெரியவர்கள் எழுதியும் மனுக்கொடுத்தும் கேட்கவேண்டும். ஆனால் பத்து வயதுப் பிள்ளையை உள்ளே கூட்டிப்போகும்போதே அந்தக் கேள்வியைக் கையில் கொடுத்தால், அதுவும் ஒரு பயிற்சித்தாள்தான். அவன் ஒவ்வொரு பெட்டியிலும் தன்னைத் தேடுவான், இல்லை என்று குறித்துக்கொள்வான், வெளியே வந்துவிடுவான். சுல்கிப்லியின் கொசுவலையில் தமிழ் எழுத்து ஒன்றுகூட இல்லை. ஒரு மலாய்ப் பையன் தன் வீட்டை வரைந்தான். சிலியாவ் பிள்ளைகள் அதற்குள் நேரே நுழைந்து படுத்துக்கொண்டார்கள். அங்கிருந்து அவர்களுடைய கொள்ளுத்தாத்தாவின் காய்ச்சலுக்குப் போவது என் வேலை. வழிகாட்டி என்று ஒருவன் எதற்கு இருக்கிறான்?

சிரம்பானில் பிறந்து பாரிஸுக்குப் போய் ஓவியம் படித்த லாய் ஃபூங் மோயைப் பற்றியும் சொன்னேன். வேலைக்கு நடுவே இளைப்பாறும் ஒரு தொழிலாளியை அவர் 1965இல் வரைந்த படம் சிங்கப்பூர் தேசியக் கலைக்கூடத்தில் இருக்கிறது. 2015இல் திறந்த அந்தக் கூடத்தில் பிள்ளைகளுக்கென்றே தனிப் பகுதி வைத்திருக்கிறார்கள். உடனே "எப்பண்ணா போறோம்?" என்றார்கள். 26 கடப்பிதழுக்கு யார் காசு கட்டுவது? அதைவிடக் கிட்டத்தில் ஸ்ரீ மெனாந்தி அரண்மனை இருக்கிறது. 1908இல் கட்டி முடித்தது, 99 தூண்கள், ஓர் ஆணிகூட அடிக்காத மரவேலை. பொறியாளனுக்கு அதைவிட நல்ல பாடம் கிடைக்காது. அடுத்தது அதுதான் என்று ஆசிரியையிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.

மறு சனிக்கிழமை டியூஷனில் கணக்கை ஒதுக்கிவிட்டு, வண்ணக்கட்டிகளையும் தாளையும் கொடுத்தோம். எதை வரைவது என்று சொல்லவில்லை. பாதிப் பேர் இரட்டைக் கோபுரம் வரைந்தார்கள், நாங்கள் அதன் பக்கமே போகாதபோதும். இரண்டு பேர் குண்டு போடும் விமானம். அந்தப் பெண் தாள் முழுக்கச் சின்னச் சின்னக் கட்டங்களாகப் போட்டு ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறம் தீட்டிக்கொண்டிருந்தாள், பாதிகூட முடியவில்லை. பாட்டி முதுகில் கோடு போட்ட பையன், தொட்டிலும் அதற்கு மேல் கொசுவலையும் வரைந்துவிட்டுத் திணறிக்கொண்டிருந்தான். உள்ளே தம்பி படுத்திருக்கிறான். முகத்தை முதலில் வரைந்தால் மேலே வலைக்கோடு போடும்போது அழிந்துபோகிறது. வலையை முதலில் போட்டால் முகம் வரவில்லை. "அவரு எப்படிண்ணா வரஞ்சாரு?" என்று கேட்டான். அச்சுப்படத்தை எடுத்துவந்து அவன் தாளுக்குப் பக்கத்தில் வைத்தேன். இரண்டு பேரும் குனிந்து பார்க்கத் தொடங்கினோம்.