நஞ்செழுத்தும் அமுத எழுத்தும்: பாட்டியல் காட்டும் மந்திர மொழியின் இலக்கணம்

மாயவுலகக் கதைக்கென மொழி படைப்பவர் முதலில் விடை காண வேண்டிய கேள்வி, சொல்லின் ஆற்றல் எங்கே தங்கியிருக்கிறது என்பது. அர்சுலா லெ குவின் 1968இல் வெளியிட்ட எர்த்சீ நாவலில் அது பொருளின் உண்மைப் பெயரில் இருக்கிறது. பெயரை அறிந்தவன் பொருளை ஆள்கிறான். ஆகவே அந்த உலகில் பெயர்கள் மறைத்துக் காக்கப்படுகின்றன. தமிழ் இக்கேள்விக்கு வேறு விடை கண்டது. அதைக் கதையாகச் சொல்லாமல் இலக்கணமாகவே எழுதி வைத்தது. சிற்றிலக்கியங்களுக்கு இலக்கணம் சொல்லும் பாட்டியல் நூல்களைப் பிற்கால மூடநம்பிக்கை என்று ஒதுக்கிவிடுவது எளிது. ஆனால் சொல்லாற்றலைச் சொல்லுக்கும் அதைப் பெறுபவனுக்கும் இடையிலான உறவில் வைத்த ஒரு முழுமையான அமைப்பு அவற்றில் இருக்கிறது என்பதே என் வாதம்.

தொல்காப்பியத்தின் செய்யுளியல் மந்திரத்தைச் சொல்பவனைக் கொண்டு வரையறுக்கிறது. நிறைமொழி மாந்தர் ஆணையிட்டுச் சொன்ன மறைமொழியே மந்திரம். அங்கே எழுத்துக்குத் தனி ஆற்றல் எதுவும் இல்லை; ஆள் நிறைந்தவன், அதனால் சொல் பலிக்கிறது. பன்னிரு பாட்டியலுக்கும், குணவீர பண்டிதரின் வெண்பாப் பாட்டியலுக்கும் வரும்போது நிலைமை மாறிவிடுகிறது. கவிஞனின் தவம் பேசப்படுவதில்லை. நூலின் முதற்சீருக்குப் பத்துப் பொருத்தங்கள் பார்க்கப்படுகின்றன: மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம்.

இவற்றில் தானப் பொருத்தத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டும். உயிரெழுத்துகள் ஐந்து குழுக்களாகப் பிரிகின்றன: அ ஆ; இ ஈ ஐ; உ ஊ ஔ; எ ஏ; ஒ ஓ. பாட்டுடைத் தலைவனின் பெயர் எந்தக் குழுவில் தொடங்குகிறதோ அது பாலன். அங்கிருந்து வரிசையாகக் குமரன், அரசன், மூப்பு, மரணம். முதல் மூன்றில் நூல் தொடங்கலாம், பின்னிரண்டில் கூடாது. தலைவன் பெயர் நந்தி என்று கொள்வோம். நகரம் அகரம் ஏறியது. ஆகவே அகரக் குழு பாலன், ஒகரக் குழு மரணம். அவன்மேல் பாடும் நூல் ‘ஒளி’ என்று தொடங்கினால் அது சாவை அழைக்கிறது. அதே சொல்லைக் கொண்டு சோழன்மேல் ஒரு நூல் தொடங்கினால் அது பாலன் தானம், குற்றமே இல்லை. ஒளி என்ற சொல்லில் கேடும் இல்லை, நலமும் இல்லை. அது யார் பெயரோடு சேர்கிறது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. எர்த்சீயில் ஆபத்து மறைந்த பெயரால் வருவது. இங்கோ ஊரறிந்த பெயரே போதும், கணக்குத் தெரிந்திருந்தால்.

இந்தப் பத்துப் பொருத்தம் என்ற வழக்கு நமக்குப் புதிதல்ல. திருமணத்துக்கு இன்றும் பத்துப் பொருத்தம் பார்க்கிறோம். நாள், கணம் என்ற பெயர்கள்கூட இரு பட்டியல்களிலும் உண்டு. பாட்டையும் தலைவனையும் மணமக்களைப் போல இணைத்துப் பார்த்திருக்கிறார்கள் என்றே எண்ணத் தோன்றுகிறது.

உண்டிப் பொருத்தம் வேறு வகை. க, ச, த, ந, ப, ம, வ என்னும் ஏழும் அ, இ, உ, எ என்னும் குறில்களும் அமுத எழுத்துகள். யா, ரா, லா, ளா, யோ, ரோ, லோ, ளோ ஆகியவற்றோடு ஆய்தமும் அளபெடையும் நஞ்செழுத்துகள். இப்பட்டியலைத் தொல்காப்பியத்தின் மொழிமுதல் எழுத்து விதியோடு ஒப்பிட்டால் ஓர் உண்மை தெரிகிறது. ரகர, லகர, ளகரங்களும் ஆய்தமும் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வாராதவை. யகரமும் ஆகாரத்தோடு மட்டுமே முதலில் வரும். மொழியின் ஒலியியல்புக்கு ஒவ்வாததே பெரும்பாலும் நஞ்சாகியிருக்கிறது. யாகாரமும் அளபெடையும் இந்த விளக்கத்துக்கு அடங்கவில்லை. மங்கலச் சொற்களின் வரிசையில் யானையும் இருப்பதால் சிக்கல் இன்னும் கூடுகிறது. அமைப்பு பல கைகளில் வளர்ந்தது என்பதற்கு இதைச் சான்றாகக் கொள்கிறேன்.

வருணப் பொருத்தத்தில் அமைப்பின் இன்னொரு முகம் தெரிகிறது. உயிர் பன்னிரண்டும் மெய் ஆறும் அந்தணருக்கு, ஆறு மெய் அரசருக்கு, நான்கு வணிகருக்கு, எஞ்சிய ழகரமும் ளகரமும் வேளாளருக்கு. தமிழின் சிறப்பெழுத்து என்று நாம் கொண்டாடும் ழகரம் இந்தப் பங்கீட்டில் கடைசியில் நிற்கிறது. மந்திர மொழியின் இலக்கணம் அதை எழுதிய சமூகத்தின் படிநிலையையும் சேர்த்தே எழுதிக்கொள்கிறது. இதை மறைத்துவிட்டுப் பாட்டியலைப் போற்றுவது நேர்மையாகாது.

தன்மேல் பாடிய கலம்பகம் கேட்டுப் பல்லவ மன்னன் நந்திவர்மன் உயிர் துறந்தான் என்ற செவிவழிக் கதையும் இந்தச் சூழலில் வைத்தே படிக்கத் தக்கது. புலவனின் சொல்லை நம்பி வாழ்ந்த அரசவைக்கு அந்தச் சொல்மீது அச்சமும் இருந்தது. பொருத்த விதிகள் அந்த அச்சத்துக்குப் போட்ட வேலி.

பல்லவர் ஆண்ட தொண்டைமண்டலத்தில் எழுத்தின் ஆற்றல் பற்றிய நம்பிக்கை ஏட்டோடு நின்றுவிடவில்லை. சென்னையை ஒட்டிய செம்பாக்கத்திலும் சேலையூரிலும் பிள்ளைக்குப் பெயர் வைக்குமுன் நட்சத்திர எழுத்தைக் கேட்கிறார்கள். அசுவினி என்றால் சு, சே, சோ, ல என்று பஞ்சாங்கம் சொல்கிறது. எழுத்துகளை நாள்களுக்குப் பங்கிடும் பாட்டியலின் நாட்பொருத்தமும் இதே வகையைச் சேர்ந்தது. பக்கத்துப் பல்லாவரத்தில் வாழ்ந்த மறைமலை அடிகளோ வேறு திசையில் போனார். 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய அவர் மனித வசியம் பற்றியும் அறிதுயில் பற்றியும் நூல்கள் எழுதினார். அவரிடம் ஆற்றல் மீண்டும் ஆளின் உள்ளத்துக்கும் மொழியின் தூய்மைக்கும் திரும்புகிறது. தொல்காப்பியத்துக்கு அருகில் என்றும் சொல்லலாம்.

நம் காலத்தில் புனைமொழி படைத்தவர் என்றதும் நினைவுக்கு வருபவர் மதன் கார்க்கி. 2015இல் வெளியான ‘பாகுபலி’ படத்தின் காலகேயருக்காக அவர் உருவாக்கிய கிளிக்கி ஏறத்தாழ 750 சொற்களும் 40 இலக்கண விதிகளும் கொண்டது. ஒலியைத் திருப்பிப் போட்டு எதிர்ப்பொருள் காணும் உத்தி அதில் உண்டு: மின் என்றால் நான், நிம் என்றால் நீ. கேட்பவரை அது ஒலியாலேயே மிரட்டுகிறது. திரைக்கு அது போதும். ஆனால் யார் யாரிடம் பேசினாலும் அதன் சொல் மாறாது, விளைவும் மாறாது. சொல் பலிக்கும் உலகம் ஒன்றைத் தமிழில் படைக்க விரும்புபவருக்குத் தானப் பொருத்தம் ஆயத்தமாக இருக்கிறது. ஒவ்வொரு பாத்திரமும் வாய் திறக்குமுன் எதிரில் நிற்பவரின் பெயரை எண்ணிப் பார்த்தாக வேண்டும். ஒருவருக்கு வாழ்த்தாகும் சொல் அடுத்தவருக்குச் சாவாகும். வருணப் பங்கீட்டை நீக்கினாலும் இந்த அமைப்பு குலையாது. தானப் பொருத்தத்தின் கணக்கில் சாதிக்கு இடமே இல்லை. தலைவனின் பெயரும் ஐந்து உயிர்க்குழுக்களும் மட்டுமே அதற்கு வேண்டும்.