பம்பாயில் பக்டியும் உள்வாடகையும்

இரண்டாம் உலகப் போர்க்காலத்து வீட்டுப் பஞ்சத்தின் தொடர்ச்சியாகப் பிறந்த 1947ஆம் ஆண்டின் பம்பாய் வாடகைச் சட்டம், 1940 செப்டம்பரில் நிலவிய வாடகையையே பெரும்பாலும் நியாய வாடகையாக நிலைநிறுத்தியதோடு, குடியிருப்பவர் உள்வாடகைக்கு விடுவதையும் தடுத்தது. ஆயினும் வாடகை அற்பமாகிவிட்ட வீடுகளில் குடியிருக்கும் உரிமைக்கே தனி விலை ஏற்பட்டு, ‘பக்டி’ என்னும் மொத்தத் தொகை மறைவாகக் கைமாறியதால், உரிமையாளரின் இசைவின்றிக் குடிபுகுந்தோர் பெருகினர். அவர்களை வெளியேற்றக் கோரும் வழக்குகள் மலிந்த நிலையில், அரசு நடப்புக்கேற்பச் சட்டத்தையே திருத்தி, 1959இல் உள்வாடகைதாரர் பலருக்கும், பின்னர் 1973 பிப்ரவரி 1 அன்று உரிமத்தின் பேரில், அதாவது குத்தகை உரிமையின்றி வெறும் அனுமதியால், குடியிருந்தோருக்கும் பாதுகாப்பு அளித்தது. எளியோரைத் தெருவில் நிறுத்தாத இச்செயல் போற்றத்தக்கதே. பழுதுபார்க்கவும் போதாத வாடகையால் கட்டடங்கள் சிதைந்தது அதன் வருந்தத்தக்க மறுபக்கம். 2000 மார்ச் 31 முதல் நடைமுறைக்கு வந்த மகாராஷ்டிர வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம், அதுவரை குற்றமாயிருந்த பக்டியைச் சட்டபூர்வமாக்கியது.