ஆடவல்லான் சந்நிதியில் ஆடிய மங்கையர்

தில்லைச் சிற்றம்பலத்தில் ஆடலாலேயே ஐந்தொழிலையும் நிகழ்த்தும் பெருமானை முழுமுதலாகக் கொண்டது சைவ சமயம். ஆடும் கடவுளுக்கு ஆடலே ஒரு வழிபாடாக அமைந்ததில் வியப்பில்லை. ஆயினும் அச்சந்நிதியில் பல நூற்றாண்டுகள் ஆடிய பெண்கள் எவர், எவ்வாறு வாழ்ந்தனர், பின்னர் எங்கே மறைந்தனர் என்பன ஆலயத் திருவிழாக்களிற் பேசப்படுவது குறைவு.

ஆடல் எந்நாளில் கோயிலுக்குள் புகுந்தது என்று ஆண்டு குறித்துச் சொல்ல இயலாது. சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையில் மாதவி ஏழாண்டு பயின்று, பன்னிரண்டாம் வயதில் சோழ மன்னன்முன் ஆடுகிறாள். அஃது அரசவை ஆடல். ஏழாம் நூற்றாண்டில் திருவையாற்றுத் திருக்கோயிலில் மங்கையர் நடமாடியதைத் திருஞானசம்பந்தர் தேவாரம் காட்டுகிறது. அதே திருவையாறு, இவ்வரலாற்றில் மீண்டும் மீண்டும் வருவதைக் காணலாம்.

முதலாம் இராசராச சோழன் (985–1014) தஞ்சைப் பெரிய கோயிலை எழுப்பியபின், தன் 29ஆம் ஆட்சியாண்டில், அதாவது 1014ஆம் ஆண்டளவில், ஒரு நீண்ட கல்வெட்டைப் பொறிக்கச் செய்தான். சோழ நாட்டுத் திருக்கோயில்கள் பலவற்றிலிருந்தும் 400 பெண்கள் வரவழைக்கப்பட்டுத் தஞ்சையில் குடியமர்த்தப்பட்டனர். 'தளிச்சேரிப் பெண்டுகள்' என்பது அவர்கள் பெயர். தளி என்றால் கோயில். ஒவ்வொருவர் பெயரும், அவர் முன்னிருந்த ஊரும் கோயிலும், தஞ்சையில் அவருக்கு அளிக்கப்பட்ட வீடு எந்தத் தெருவில், எந்தச் சிறகில், எத்தனையாவது என்பதும் அக்கல்வெட்டில் உள்ளன. தெற்குத் தளிச்சேரியின் தென்சிறகில் முதல் வீடு, திருவையாற்றிலிருந்து வந்த நக்கன் சேரமங்கை என்பவருக்கு உரியது. போரில் வென்ற மன்னர் பெயரையே கல்லில் தேடிப் பழகியவர்கள், நானூறு ஆடல் மகளிரின் முகவரி கல்லிலிருப்பதைக் கண்டு சற்றே நின்று பார்க்க வேண்டும்.

ஒவ்வொருவருக்கும் ஒரு பங்கு. ஒரு பங்கென்பது ஆண்டுக்கு நூறு கலம் நெல். அந்நெல்லை அளந்த மரக்காலின் பெயரே 'ஆடவல்லான்'. ஆடும் இறைவனின் பெயர் தாங்கிய அளவையால் ஆடுவோர்க்கு ஊதியம் அளக்கப்பட்டது. நட்டுவம் செய்வோர்க்கு இரண்டு பங்கு. பங்கு பெற்றோருள் ஒருவர் இறந்தாலோ வேறு நாடு சென்றாலோ, அவருடைய நெருங்கிய உறவினர் அப்பணியை ஏற்கலாம். அவருக்குத் தகுதி இல்லையேல், தகுதியுள்ள ஒருவரைத் தெரிந்து அமர்த்த வேண்டும். பிறப்புரிமை போதாது, ஆடத் தெரிந்திருக்க வேண்டும் என்பதே இவ்விதியின் பொருள். இன்றைய அலுவலக நியமனங்களுக்கும் இவ்விதி பொருந்துமெனச் சிலர் எண்ணக்கூடும்.

அதே கோயிலில், கருவறையைச் சுற்றிய மேல்தளச் சுவரில், பரதமுனிவர் வகுத்த 108 கரணங்களைச் சிவபெருமானே ஆடிக் காட்டும் சிற்பங்கள் தொடங்கப்பட்டன. 81 மட்டுமே முற்றுப்பெற்றன. எஞ்சிய கற்கள் வெறுமையாகவே நிற்கின்றன.

சடங்கில் ஆடலின் இடம் என்ன? அது பொழுதுபோக்காக இருந்ததில்லை. தீபாராதனைக்குப் பின் கும்பாரத்தி எடுத்து இறைவனுக்குக் கண்ணேறு கழிப்பது அம்மகளிரின் உரிமை. சுவாமி வீதியுலா வரும்போது முன்னே ஆடிச் செல்வதும், ஊஞ்சலில் பாடுவதும் அவர்கள் கடமை. எல்லாவற்றினும் சிறந்தது கொடியேற்றத்தன்று ஆடப்பெற்ற நவசந்தி. நடுவே பிரமன், கிழக்கே இந்திரன், தென்கிழக்கே அக்கினி, தெற்கே யமன், தென்மேற்கே நிருதி, மேற்கே வருணன், வடமேற்கே வாயு, வடக்கே குபேரன், வடகிழக்கே ஈசானன் என ஒன்பது சந்திகளிலும் அத்தெய்வங்களைத் திருவிழாவிற்கு அழைக்க வேண்டும். ஒவ்வொரு சந்திக்கும் தனித்தனியே பண், தாளம், கவுத்துவம், நிருத்தம் உண்டு. இன்று பல ஆலயங்களில் சிவாச்சாரியாரின் மந்திரமும் மேளக்காரரின் தாளமும் மட்டும் ஒலிக்க, நிருத்தத்தின் இடம் வெறுமையாக உள்ளது, தஞ்சையின் செதுக்கப்படாத கற்களைப் போல.

அரசர்களின் ஆதரவு குன்றிய பின் நிலைமை மாறிற்று. தஞ்சை மராட்டிய மன்னர் இரண்டாம் சரபோஜி காலத்தில் சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு ஆகிய சகோதரர் நால்வர், அலாரிப்பு முதல் தில்லானா வரையிலான கச்சேரி முறையை ஒழுங்குசெய்தனர். அதன்பின் மானியங்கள் சுருங்கின. சிறு வயதிலேயே பொட்டுக் கட்டப்பெற்ற பெண்கள் செல்வர்களின் தயவை நாடி வாழ நேர்ந்தது. இதனை மூடி மறைப்பதால் ஆலயத்திற்குப் பெருமை வாராது. அத்தகைய குலத்தில் பிறந்த தாயின் மகளான டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி சென்னை சட்ட மேலவையில் போராடினார். 1929இல் மானிய நிலங்கள் ஊழியக் கடமையிலிருந்து விடுவிக்கப்பட்டன. மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் 1936இல் ஒரு புதினமே எழுதி இவ்வழக்கத்தைக் கண்டித்தார். மறுபுறம், திருவையாற்றில் தியாகராச சுவாமிகளின் சமாதிக்குத் தம் பொருளால் கோயில் எழுப்பிய பெங்களூர் நாகரத்தினம்மாள், கலையும் உடைமையும் பறிபோகுமென்று சட்டத்தை எதிர்த்தார். இருதரப்பாரும் அம்மரபிலிருந்தே எழுந்தவர்கள் என்பது கருதத்தக்கது. 1947இல் பொட்டுக்கட்டுதல் சென்னை மாகாணத்தில் சட்டத்தால் தடை செய்யப்பட்டது.

தடை நியாயமானதே. ஆனால் பெண்களைக் காக்க வந்த காலம், அவர்களின் கலையை வேறு கைகளுக்கு மாற்றிவிட்டது. வழக்கறிஞர் ஈ. கிருஷ்ண ஐயரும் சென்னை மியூசிக் அகாடமியும் 'சதிர்' என்ற பெயரை நீக்கிப் 'பரதநாட்டியம்' என மேடையேற்றினர். பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பயின்ற ருக்மிணி தேவி 1935இல் அரங்கேறினார். பரம்பரையில் வந்தோருள் பாலசரசுவதி போன்ற மிகச் சிலரே மேடையில் நிலைத்தனர்.

ஜொகூருக்கு வந்தது வேறொரு ஆடல். 1909இல் மாநில இரயில் பாதை நிறைவுற்ற பின்னர்ச் சிகாமட் வட்டாரத்து இரப்பர்த் தோட்டங்களுக்கு வந்த தமிழரோடு நட்டுவாங்கமும் கவுத்துவமும் வரவில்லை; காவடியும் கரகமும் கும்மியும் கோலாட்டமும் வந்தன. அண்ணாமலை ரெட்டியார் கழுகுமலை முருகன்மேல் பாடிய சிந்தின் மெட்டுக்கு ஆடியவர்களுக்குப் பங்கு நெல்லுமில்லை, கல்வெட்டுமில்லை. மற்ற நாளில் பால்மரம் சீவியவர்களே திருவிழாவில் ஆடினர். சந்நிதியை நோக்கி ஆடுவது என்ற பழைய இலக்கணம் அவர்களிடம் குறையாதிருந்தது. பரதநாட்டியம் பின்னரே வந்து வேரூன்றியது. 1981இல் கோலாலம்பூரில் சுவாமி சாந்தானந்த சரசுவதி தொடங்கிய நுண்கலைக் கோயில் ஜொகூர் பாருவிலும் கிளை கொண்டது. அதே ஆண்டில்தான் சிதம்பரத்தில் நாட்டியாஞ்சலி விழாவும் தொடங்கிற்று.

இன்று ஆலய மண்டபங்களில் நம் குழந்தைகள் ஆடும்போது, மேடை பெரும்பாலும் சிறப்பு விருந்தினரின் நாற்காலியை நோக்கியே அமைகிறது. மேடையைச் சற்றே திருப்பிப் போடுவதற்குச் செலவு ஏதுமில்லை.

புதுக்கோட்டை மாவட்டத்து விராலிமலை முருகன் கோயிலில், ஏழு வயதில் பொட்டுக்கட்டப்பட்டுப் படியேறிச் சென்று நாள்தோறும் ஆடிப் பாடியவர் முத்துக்கண்ணம்மாள். அக்கோயிலில் பணியாற்றிய 32 பெண்களுள் எஞ்சியவர் அவர் ஒருவரே. 2022இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது.