காலி என்ற சொல்

அமெரிக்காவில் பெஞ்சமின் லீ வொர்ஃப் என்று ஒருவர் இருந்தார். ரசாயன எஞ்சினீயரிங் படித்தவர். 1919-இல் ஹார்ட்ஃபோர்டு நகரத்துத் தீ இன்ஷூரன்ஸ் கம்பெனியில் சேர்ந்தார். எங்கே, எதனால் தீப்பிடித்தது என்று ஆராய்வது அவருக்கு உத்தியோகம். பாஷைகளை ஆராய்வது பைத்தியம். ஓர் இடத்தில் இரண்டும் சந்தித்தன.

பெட்ரோல் பீப்பாய்களருகே எல்லோரும் ஜாக்கிரதையாக இருக்கிறார்கள். காலிப் பீப்பாய்களருகே தாராளமாகச் சிகரெட் பிடிக்கிறார்கள். இதை வொர்ஃப் கவனித்தார். உண்மையில் காலிப் பீப்பாயில்தான் அபாயம் அதிகம். உள்ளே நிற்கும் ஆவி வெடிக்கக்கூடியது. 'காலி' என்றால் ஒன்றுமில்லை என்று சொல் சொல்லிற்று, மனிதன் நம்பிவிட்டான். 1939-இல் எழுதி 1941-இல் வெளியான கட்டுரையில் இதைச் சொன்னார். அந்த வருஷமே, தமது 44-ஆம் வயதில் காலமானார்.

அடுப்பு அணைந்ததும் நாமும் சிலிண்டரைக் காலி என்கிறோம். அணைந்தது அழுத்தம் தீர்ந்ததால். வாயு தீர்ந்ததால் அல்ல. உள்ளே ப்ரொபேனும் ப்யூட்டேனும் ஆவியாக நிற்கின்றன. இரண்டும் காற்றைவிட ஒன்றரை மடங்குக்குக் குறையாத கனம். கசிந்தால் மேலே போகாது. தரையோடு தவழ்ந்து பள்ளத்தில் தங்கும், ஒரு பொறி வரும்வரை.

ஆகவே மிச்சத்தைத் திறந்துவிடுவதும் வேண்டாம், பழைய இரும்புக்காரரிடம் அறுக்கக் கொடுப்பதும் வேண்டாம். ரெகுலேட்டரைக் கழற்றி, மூடியைப் பொருத்தி, கொடுத்தவரிடமே திருப்பிக் கொடுப்பதுதான் முறை. உள்ளிருப்பதை வெளியேற்றும் சாதனம் தொழிற்சாலையில்தான் உண்டு.

'காலி' என்று சொல்லாமலிருக்க முடியாது. சொல்லலாம், நம்பத்தான் கூடாது.