நிலவைப் படைத்த ஒளிப்பதிவாளர்

பொன்னேரிக்கு அருகிலுள்ள பழவேற்காட்டு ஏரியை முழுநிலா நாளில் பார்த்திருக்கிறீர்களா? நீர்ப்பரப்பில் வெள்ளிப் பாதை ஒன்று மின்னும். படகுகள் கரிய உருவங்களாகத் தெரியும். ஆனால் 1950களில் கிடைத்த படச்சுருளைக் கொண்டு இக்காட்சியை அப்படியே திரைப்படமாகப் பதிவு செய்ய இயலாது. ஏன்?

முழுநிலவின் ஒளி, சூரிய ஒளியைப் போல ஏறத்தாழ 4,00,000-இல் ஒரு பங்கே ஆகும். நிழற்படம் எடுப்பவர் காமிராவைப் பல விநாடிகள் திறந்து வைத்துக் காத்திருக்கலாம். திரைப்படத்திலோ விநாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. ஒவ்வொரு படத்திற்கும் ஏறத்தாழ விநாடியில் 48-இல் ஒரு பங்கு நேரமே ஒளி கிடைக்கும். ஆகவே திரையில் நிலவொளி வேண்டுமானால், அதை மனிதர்தாம் படைக்க வேண்டும்.

அப்படிப் படைத்தவர்களுள் தலைசிறந்தவர் மார்கஸ் பார்ட்லே. 1917-இல் பிறந்த ஆங்கிலோ-இந்தியர். செய்தி நிழற்படக்காரராகத் தொழிலைத் தொடங்கிப் பின்னர் சென்னைத் திரையுலகிற்கு வந்தார். 1945-இல் 'சொர்க்க சீமா', 1951-இல் 'பாதாள பைரவி', 1955-இல் 'மிஸ்ஸியம்மா' என அவர் பணி வளர்ந்தது.

1957-இல் வெளிவந்த 'மாயா பஜார்' அவர் திறமையின் உச்சம். அதில் துவாரகை நகரம் தெரிகிறதல்லவா? அது 50 அடிக்கு 60 அடி இடத்தில் அமைத்த பொம்மை நகரம். ஏறத்தாழ 300 சிறு வீடுகளுக்கும் அவர் சொன்னபடி மின்விளக்குகள் பொருத்தப்பட்டன.

அதே படத்தில் நிலவில் படகு செல்லும் பாடல் ஒன்று உண்டு. அதன் வெளிப்புறப் பகுதி எண்ணூரில் எடுக்கப்பட்டதென்றும், எஞ்சியது படப்பிடிப்பு நிலையத்தில் எடுக்கப்பட்டதென்றும் கூறுவர். திறந்த வெளியில் இரவைக் காட்ட அக்காலத்தில் உலகெங்கும் கையாண்ட முறை, பகலை இரவாக்குவதே. சூரியனை எதிர்நோக்கிக் காமிராவை வைப்பார்கள். ஒளியைக் குறைத்துப் பதிவு செய்வார்கள். சிவப்பு வடிகண்ணாடி வானத்தின் நீல ஒளியைத் தடுப்பதால், கறுப்பு வெள்ளைப் படத்தில் வானம் இருண்டுவிடும். நிலவொளி என்பதே நிலவில் பட்டுத் திரும்பிய சூரிய ஒளிதானே! வெளியிலும் உள்ளேயும் எடுத்த துண்டுகளை ஒரே நிலவொளி போலக் காட்டுவதுதான் மிகக் கடினமான வேலை.

இங்கே மற்றோர் உண்மையையும் கவனியுங்கள். நம் விழித்திரையில் நிறத்தை அறிபவை கூம்பு செல்கள். மங்கிய ஒளியில் அவை சரிவரச் செயல்படுவதில்லை. நிறமறியாத குச்சி செல்களே பார்வைக்கு உதவுகின்றன. முழுநிலாவன்று மின்விளக்கில்லாத இடத்தில் ஒரு சிவப்புத் துணியை விரித்துப் பாருங்கள். சிவப்பு மறைந்து கருமையாகவே தெரியும். ஆகவே கறுப்பு வெள்ளை நிலவுக் காட்சி, நாம் இரவில் காண்பதற்கு மிக நெருங்கியதாகும்.

வண்ணத்திலும் பார்ட்லே தேர்ந்தவர்தாம். 1965-இல் வந்த மலையாளப் படமான 'செம்மீன்' அதற்குச் சான்று. 'சாந்தி நிலையம்' (1969) அவருக்குச் சிறந்த வண்ண ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்றுத் தந்தது. 1993-இல் அவர் மறைந்தார்.

2010-இல் 'மாயா பஜார்' தெலுங்குப் படத்திற்குக் கணிப்பொறியின் உதவியால் வண்ணம் ஏற்றி வெளியிட்டனர். பழைய படத்தைப் புதிய தலைமுறை பார்க்க அது வழி செய்தது, அது நன்மையே. ஆயினும் அந்த வண்ணங்கள் பார்ட்லே தேர்ந்தெடுத்தவை அல்ல. அவர் கையில் இருந்தவை ஒளியும் நிழலும் மட்டுமே. நிலவை அவர் அவற்றால்தான் செய்தார்.

வண்ணப்படம் வந்துவிட்டதே என்று கறுப்பு வெள்ளைச் சுருளைக் கைவிட்டால், இழப்பது ஒரு பழைய படத்தை மட்டுமன்று. குறைந்த கருவிகளோடு இயற்கையின் விதிகளை அறிந்து பணிபுரிந்த ஒருவரின் கையெழுத்தையே இழக்கிறோம். ஆகவே இரண்டையும் காப்பது நம் கடமை. வாய்ப்புக் கிடைக்கும்போது கறுப்பு வெள்ளைப் படத்தை முதலில் பாருங்கள்.